நீரரமகளிர்

ஆவணி மாதத்துப் பௌர்ணமியன்று, மும்பை மாநகரத்து மாதுங்காக் கோயில்களில் தமிழர்களாகிய நம்மவர்கள் புதுப் பூணூல் தரித்து ஜபம் செய்துகொண்டிருக்கும் அதே தினத்தில், இந்நகரத்தின் ஆதிகுடிகளான கோலி மீனவர்கள் அலங்கரித்த தேங்காயை மேளதாளத்துடன் ஊர்வலமாக எடுத்துச் சென்று சமுத்திரத்துக்குச் சமர்ப்பிக்கிறார்கள். நாரளி பூர்ணிமா என்பது அதற்குப் பெயர். மழைக்காலம் முழுவதும் கரையேறிக் கிடந்த படகுகளை மறுபடியும் நீரில் இறக்குவதற்கு முன் கடலிடம் உத்தரவு கேட்கும் சடங்கு அது. உத்தரவு கேட்பதென்றால், கொடுப்பதற்கு அங்கே ஒருவர் இருக்கவேண்டும் அல்லவா? அலைகளுக்கு அடியில் நம்முடைய குரலைச் செவிமடுக்கும் ஓர் உலகம் இருக்கிறது என்ற எண்ணம் மனித ஜாதிக்கு எவ்வளவு பழமையானது என்பதை, ஒவ்வோர் ஆண்டும் அந்தத் தேங்காய்தான் எனக்கு ஞாபகப்படுத்துகிறது.

செம்பூரிலும் தாராவியிலும் வளரும் நம் குழந்தைகள் கடற்கன்னியை அறிந்திருப்பதெல்லாம் மேனாட்டுப் படங்களின் வாயிலாகத்தான். டென்மார்க் தேசத்து ஆண்டர்சன் 1837இல் எழுதிய கதையிலிருந்து பெருகி வந்தவள் அந்தக் கன்னி. அவளுக்குப் பின் வந்த கதாசிரியர்களோ கடலடியில் அரண்மனைகளையும் அரசர்களையும் சட்டதிட்டங்களையும், ஒரு நாகரிகம் முழுவதையுமே, சிருஷ்டித்து விட்டார்கள். அந்தக் கற்பனைகளை நான் குறைத்துப் பேசமாட்டேன். ஆனால் தமிழ்க் குழந்தைக்கு முதலில் அறிமுகமாகவேண்டியவள் மணிமேகலா தெய்வம் என்பது என் திடமான அபிப்பிராயம்.

கோவலனின் முன்னோன் ஒருவன் நள்ளிரவில் கலம் உடைந்து நடுக்கடலில் தத்தளித்தபோது, அவனைத் தாங்கிக் கரைசேர்த்தவள் அந்தத் தெய்வம். அந்த நன்றியினாலேதான் கோவலன் தனக்கும் மாதவிக்கும் பிறந்த பெண்ணுக்கு அவள் பெயரை இட்டான் என்று சிலப்பதிகாரம் சொல்கிறது. மகாஜனக ஜாதகம் என்ற பௌத்தக் கதையிலும் அவளே வருகிறாள். ஏழு நாள் இடைவிடாமல் நீந்திய ராஜகுமாரனை அவள் கைகொடுத்துத் தூக்குகிறாள். அந்த ஏழு நாளும் காவல் தெய்வம் தன் கடமையை மறந்திருந்தது என்ற குற்றத்தை அந்தக் கதை மறைக்கவில்லை என்பதே எனக்கு மிகவும் பிடித்த அம்சம். சயாம் தேசத்தில் அவள் கையிலுள்ள ரத்தினத்தின் ஒளிதான் மின்னல். அவளைத் துரத்தும் அசுரன் வீசுகிற கோடரியின் ஓசைதான் இடி. அந்த நாட்டு ராமாயணத்தில் இன்னொருத்தியும் உண்டு: ராவணனுக்கு மகளாகப் பிறந்த மச்சகன்னிகை. சேதுவுக்குப் போட்ட கற்களைத் தன் பரிவாரத்தைக் கொண்டு திருடியவள், கடைசியில் திருட்டைப் பிடிக்க வந்த அனுமானிடமே மனத்தைப் பறிகொடுத்தாள். வான்மீகியும் கம்பரும் அவளை அறியார்கள்.

மணிமேகலா தெய்வம் காப்பாற்றுகிறவள் மட்டும் அல்லள். நாககன்னி பீலிவளையிடம் பிறந்த தன் குழந்தை கடலில் காணாமற்போன துயரத்தில் சோழ மன்னன் இந்திர விழாவை மறந்துவிட, இருபத்தெட்டு நாள் நடக்கவேண்டிய அந்த விழா நின்றுபோன ஆண்டில் அவள் இட்ட சாபத்தால் கடல் பொங்கிக் காவிரிப்பூம்பட்டினத்தை விழுங்கிற்று என்பது மணிமேகலைக் காப்பியம் சொல்லும் செய்தி. 2005 ஜூலை 26ஆம் தேதி சாந்தாகுருஸில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை கொட்டி, கடலின் ஏற்றமும் சேர்ந்துகொண்டு, மித்தி நதி தெருக்களுக்குள் புகுந்தபோது, எனக்கு நினைவு வந்தது புகார் என்னும் அந்தக் காவிரிப்பூம்பட்டினம்தான்.

கற்பனைக்கு இவ்வளவு இடம் கொடுத்த கடலில் கைக்கு அகப்பட்ட கடற்கன்னியும் உண்டு. 1560இல் மன்னார்க் கடலில் மீனவர் வலையில் சிக்கிய ஏழு உயிர்களை, கோவாவில் இருந்த போர்த்துக்கீசிய ராஜப்பிரதிநிதியின் வைத்தியர் பாஸ்கெஸ் அறுத்துச் சோதித்து, அகத்தும் புறத்தும் அவை மனிதரை ஒத்திருந்தன என்று கூறியதாகப் பழைய பாதிரிமார் ஏடு தெரிவிக்கிறது. அதற்குச் சாட்சி சொன்னவர்களில் ஒருவராகக் குறிக்கப்படுபவர் அண்டிரிக் அடிகளார். 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ என்ற தமிழ் நூலை அச்சேற்றிய அதே பெரியவர்! அவர்கள் பார்த்தது நம் மீனவர்கள் ஆவுளியா என்று அழைக்கும் கடற்பசுவைத்தான். கடற்புல்லை மேய்ந்து, சில நிமிஷங்களுக்கு ஒருமுறை மூச்சுவிட மேலே வந்து, முன்துடுப்பின் அடியிலுள்ள முலையில் குட்டிக்குப் பால் கொடுக்கும் அந்தச் சாதுவான பிராணியைத் தூரத்திலிருந்து பார்த்தவன் தாய் என்று எண்ணியதில் தவறு என்ன? விஞ்ஞானிகளும் அதன் இனத்துக்குக் கிரேக்கரின் கானமோகினிகளாகிய சைரன்களின் பெயரையே சூட்டியிருக்கிறார்கள். இறைச்சிக்காக வேட்டையாடப்பட்டும், வலையில் சிக்கி மூச்சுமுட்டியும் அது அருகிவிட்டது. 2022இல் தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கரையை ஒட்டிப் பாக் விரிகுடாவில் 448 சதுர கிலோமீட்டர் பரப்பை அதற்கென்றே தமிழக அரசு ஒதுக்கியிருக்கிறது என்ற செய்தி எனக்கு ஒரு கோயில் கும்பாபிஷேகச் செய்தியைப் போலவே இருந்தது.

அக்கரையில், இலங்கையின் மட்டக்களப்பு வாவியில் நிலாக்காலத்து இரவுகளில் நீருக்கடியிலிருந்து எழும் மெல்லிய நாதத்தை, 1848இல் எமர்சன் டெனன்ட் என்ற பிரித்தானிய அதிகாரி தோணியில் அமர்ந்து கேட்டு எழுதிவைத்தார். மீன் பாடுகிறது என்பாரும் உண்டு. ஊரி என்னும் சிப்பியினம் அழுகிறது என்று தோணிக்காரர்கள் அவரிடம் சொன்னார்கள். அந்த மண்ணில் பிறந்து, 1947இல் யாழ்நூலை வெளியிட்ட விபுலானந்த அடிகளோ அந்த இசையை நீரில் வாழும் தெய்வப் பெண்களாகிய நீரரமகளிரின் பாட்டாகவே கேட்டுக் கவி செய்தார். பாட்டு வந்த பிறகு பாடுகிறவளைத் தேடும் மனம்தான் கடலடியில் உலகங்களைக் கட்டுகிறது.

இங்கே தாராவியும் ஒரு காலத்தில் மாஹிம் கழிமுகத்தின் கரையில் இருந்த மீனவர் ஊர்தான். 1909ஆம் வருஷத்து கெஜட்டியர் அதைப் பம்பாயின் ஆறு பெரிய கோலிவாடாக்களுள் ஒன்றாக எண்ணுகிறது. கழி தூர்ந்து நிலமாயிற்று. திருநெல்வேலியிலிருந்து வந்த நம் மக்கள் அந்நிலத்தில் குடியேறினார்கள். கோலிகளின் வீடுகள் ஒரு மூலையில் எஞ்சின. வருகிற பௌர்ணமியன்று, பூணூல் மாற்றிய கையோடு நானும் ஒரு தேங்காயை எடுத்துக்கொண்டு மாஹிம் கரைக்குப் போவதாக இருக்கிறேன். கோலிகள் கடலை எந்தப் பெயர் சொல்லி அழைத்தாலும், என் வாயில் மணிமேகலா என்றுதான் வரும்.