மேலே ஒரு தீவு, கீழே ஒரு தீவு

திருவனந்தபுரம் கிழக்கேகோட்டை வாசலைத் தாண்டிப் பத்மநாபசுவாமி கோயிலுக்குள் போகிறவர்கள், கருவறைக்கு முன்னால் இருக்கும் ஒற்றைக்கல் மண்டபத்தில் ஏறி நின்றுதான் மூன்று வாசல் வழியாகப் பெருமாளைத் தரிசிக்க வேண்டும். சுமார் இருபது அடிச் சதுரம், இரண்டரை அடி கனம், ஒரே பாறை. பதினெட்டாம் நூற்றாண்டில் மார்த்தாண்ட வர்மா ஆட்சியில் அருகிலுள்ள திருமலையில் வெட்டிக் கொண்டுவந்தார்கள். கோயிலின் பழமையைப் பற்றிப் பேசாதவர் கிடையாது. இந்த வட்டாரத்துப் பாறைகள் இன்றைய உருவத்துக்கு வந்து ஏறத்தாழ 55 கோடி ஆண்டுகள் ஆகின்றன என்பதை மட்டும் அங்கே யாரும் சொல்வதில்லை.

அந்த 55 கோடி ஆண்டுக் கதையை ஒரே பகலில் படித்துவிடத் தோதான ஒரு வழி கிழக்கேகோட்டையிலிருந்து கிளம்புகிறது. நெடுமங்காடு, பாலோடு, மடத்தறை, குளத்துப்புழை, தென்மலை என்று மலையேறி, ஆரியங்காவு தாண்டி நம் செங்கோட்டையில் இறங்கும் பழைய சாலை அது. தென்மலை வரை அதில் போய், செங்கோட்டைப் பக்கம் திரும்பாமல் கல்லடா ஆற்றோடு மேற்கே இறங்கினால் புனலூர், குண்டறை, கடைசியில் அஷ்டமுடிக் காயலுக்குள் மன்றோத்துருத்து என்ற தீவு. விடியற்காலையில் புறப்பட்டால் இருட்டுவதற்குள் மலையையும் பார்க்கலாம், தீவையும் பார்க்கலாம்.

கேரள அரசுப் போக்குவரத்துக் கழகம் 2021இல் பட்ஜெட் டூரிசம் என்று தனிப் பிரிவு தொடங்கிய பிறகு, வழிகாட்டியோடு போய்வரும் ஒருநாள் பயணம் நடுத்தரக் குடும்பத்தின் கைக்கும் எட்டிவிட்டது. நல்லதுதான். ஆனால் மலைக்கு ஒரு நாள், தீவுக்கு வேறொரு நாள் என்றுதான் திட்டம் போடுகிறார்கள். இரண்டும் ஒரே ஆற்றின் இரண்டு முனைகள் என்ற சங்கதி நான் பார்த்த துண்டுப் பிரசுரம் எதிலும் இல்லை.

நெடுமங்காடு தாண்டியதும் ரப்பர் தோட்டங்கள் ஆரம்பித்துவிடும். இங்கே பார்க்க என்ன இருக்கிறது என்று பயணிகள் தூங்கத் தொடங்கும் இடம் இதுதான். பொக்கிஷம் இருப்பது சாலைக்கு அடியில். பக்கத்தில் வெள்ளநாட்டில் ஒரு காலத்தில் கிராஃபைட் தோண்டினார்கள். பென்சிலுக்குள் இருக்கிறதே, அதே கரிப்பொருள். பாலோட்டைச் சுற்றிய காடுகளில் வைடூரியம் கிடைப்பதும், அதைத் திருட்டுத்தனமாகத் தோண்டுகிறவர்களை வனத்துறை துரத்துவதும் பழைய கதை. இலங்கையின் போகலையில் கிராஃபைட், இரத்தினபுரியில் வைடூரியம். மடகாஸ்கரிலும் இரண்டும் உண்டு. மூன்று இடத்திலும் இவை கிடைப்பது தற்செயல் அல்ல. கோண்ட்வானா என்ற பெருங்கண்டத்தின் துண்டுகள் ஒன்றோடொன்று மோதி ஒட்டிக்கொண்டபோது எழுந்த ஒரே மலைத்தொடரின் அடிவேர்கள் இவை. பூமிக்குள் இருபது கிலோமீட்டருக்கும் கீழே, 800 டிகிரி செல்சியஸைத் தாண்டிய சூட்டில் வெந்த பாறைகள். மேலே இருந்த மலை முழுவதும் தேய்ந்து போய்விட்டது. நாம் இன்று மலை என்று அண்ணாந்து பார்ப்பது அந்தப் பழைய மலையின் அடித்தளத்தை.

வலப்பக்கம் விதுரா வழியாகப் பிரியும் சாலை, இருபத்திரண்டு கொண்டை ஊசி வளைவுகளோடு பொன்முடிக்குப் போகும். இன்றைக்கு நேரமில்லை. போகிறவர்கள் பனிமூட்டத்தைப் படம் பிடித்துவிட்டுத் திரும்புவார்கள். பாறையியல் படிக்கிறவர்களோ அந்தப் பக்கத்துக் கல்குவாரிகளைத் தேடி வெளிநாட்டிலிருந்தெல்லாம் வந்திருக்கிறார்கள். வெளிர் சாம்பல் நிறப் பாறைக்குள் அடர்பச்சைக் கருமையில் திட்டுத் திட்டாக சார்னோக்கைட் என்ற பாறை அங்கே தெரியும். ஆழத்தில் கரியமில வாயு செறிந்த திரவம் பாறைக்குள் புகுந்து, அதிலிருந்த நீரை வெளியேற்றி, ஒரு வகைப் பாறையை இன்னொரு வகையாக மாற்றியிருக்கிறது என்பது பலர் ஏற்கும் விளக்கம். அந்த மாற்றம் முடிவதற்குள் நின்றுபோனதால்தான் முன்னும் பின்னும் ஒரே கல்லில் காணக் கிடைக்கின்றன.

பாலோடு வந்தால் வழிகாட்டிகளைப் பற்றி ஒரு சேதி சொல்லியாக வேண்டும். 1987இல் அகத்தியமலைக் காட்டுக்குள் ஓர் ஆய்வுக்குழு போனது. கூட வந்த காணி சமூகத்து வழிகாட்டிகள் மட்டும் களைப்பே இல்லாமல் ஏறுவதையும், இடையிடையே ஏதோ ஒரு காயைத் தின்பதையும் விஞ்ஞானிகள் கவனித்தார்கள். கேட்டுக் கேட்டு ஒரு வழியாகத் தெரிந்துகொண்ட செடி ஆரோக்கியப்பச்சை. பாலோட்டில் இருக்கும் வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா மற்றும் ஆராய்ச்சி நிறுவனம் அதை வைத்து ‘ஜீவனி’ என்ற மருந்தை உருவாக்கி, 1995இல் தயாரிப்பு உரிமையைக் கோயம்புத்தூர் நிறுவனம் ஒன்றுக்குக் கொடுத்தது. உரிமத் தொகையிலும் ராயல்டியிலும் பாதி காணிகளுக்கு என்று ஏற்பாடு. பழங்குடி அறிவுக்குப் பங்கு கொடுத்த முன்னோடி உதாரணமாக உலகம் முழுவதும் இதைப் பாடமாகச் சொல்கிறார்கள். காட்டில் வழிகாட்டி என்றால் வழி காட்டுகிறவர் மட்டும்தான் என்று நினைப்பவர்கள் இதை நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

மடத்தறையைத் தாண்டி அரிப்பாவில் காடு நெருங்கிவிடும். அரிப்பாவுக்கும் குளத்துப்புழைக்கும் இடையில், அஞ்சல் வட்டாரத்தில், பள்ளத்தில் நீர் தேங்கி நிற்கும் காட்டு ஜாதிக்காய் மரச் சதுப்புகள் இருக்கின்றன. சேற்றில் காற்று இல்லாததால் மரத்தின் வேர்கள் முழங்காலை மடக்கியதுபோல மேலே எழும்பி மூச்சு விடுகின்றன. கேரளத்தில் இந்தச் சதுப்பு மொத்தமாகச் சேர்த்தாலும் 200 ஹெக்டேர் தேறாது. மீதியை நெல்வயலாகவும் தோட்டமாகவும் ஆக்கியாகிவிட்டது. இந்தச் சேற்றில் முட்டையிடும் ஒரு மரத்தவளையை 2013இல் புதிய பேரினமாகவே அறிவித்தார்கள். பேர் மெர்குரானா. பாடகர் ஃப்ரெடி மெர்குரியின் நினைவாக வைத்தது. அவர் சான்சிபாரில் பிறந்தவர், படித்தது மேற்குத் தொடர்ச்சி மலையின் வடக்கே இருக்கும் பஞ்ச்கனியில். தவளை கத்துவதைக் கேட்டவர்கள் பொருத்தம் இருக்கிறதா என்று சொல்லட்டும்.

குளத்துப்புழை ஐயப்பன் கோயில் தமிழ்நாட்டுப் பக்தர்களுக்குப் புதிதல்ல. கோயில் படித்துறையில் பொரி போட்டால் மகசீர் மீன்கள் திரளும். ‘திருமக்கள்’ என்று அழைக்கிறார்கள், பிடிப்பதில்லை. ஆற்றின் மற்ற பகுதிகளில் வலைக்கும் வெடிக்கும் தப்பாத மீன் இங்கே மட்டும் கொழுத்துத் திரிவதற்குச் சட்டம் காரணமில்லை, சாமி காரணம்.

தென்மலையில் நிலம் சட்டென்று திறந்துகொள்ளும். கிழக்கே ஆரியங்காவு வழியாகச் செங்கோட்டைக் கணவாய். 1904இல் திறந்த கொல்லம் செங்கோட்டை ரயில் பாதை, பதின்மூன்று கண் பாலம் எல்லாம் இந்த இடைவெளியை நம்பி வந்தவை. ஆனி, ஆடியில் குற்றாலத்திலும் தென்காசியிலும் நம் முகத்தில் விழும் சாரல், இந்தக் கணவாய் வழியாகத்தான் மலையைக் கடந்து வருகிறது. பாலக்காட்டுக் கணவாயின் அகலம் முப்பது நாற்பது கிலோமீட்டர் என்றால் இது ஏழெட்டு கிலோமீட்டர்தான். அச்சன்கோவில் வழியாக வடமேற்கிலிருந்து தென்கிழக்காக ஓடும் ஒரு பழைய முறிவு மண்டலத்தை ஒட்டி இது அமைந்திருக்கிறது. கோண்ட்வானா காலத்தில் பாறைகள் ஒன்றையொன்று உரசி நசுங்கிய கோடு அது. நசுங்கிய பாறையை மழையும் ஆறும் எளிதாகத் தோண்டிவிட்டன.

ஏழெட்டு கிலோமீட்டர் நமக்கு ஒரு பொருட்டே இல்லை. குளிர்ந்த சோலையை விட்டு வெளியே வராத ஒரு சிறு பறவைக்கு அது கடல். கணவாய்க்குத் தெற்கே இருக்கும் அகத்தியமலைத் தொடர், வெப்பமான தாழ்நிலத்தால் சூழப்பட்ட ஒரு தீவு. அதன் ஒவ்வொரு உச்சியும் தனித்தனித் தீவு. உயிரியலாளர்கள் வான் தீவுகள் என்கிறார்கள். இங்கே வாழும் நீலநிறச் சோலைப்பறவை ஒன்றை வி.வி. ராபினும் உடன் ஆய்வாளர்களும் மரபணுவை ஒப்பிட்டுப் பார்த்து 2017இல் தனி இனமாக அறிவித்தார்கள். அசம்பு சோலைக்கிளி என்று பேர். கிளிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. கணவாய்க்கு வடக்கே அது கிடையாது. செங்குறிஞ்சி மரமும் அப்படியே. ஆரியங்காவுக் கணவாய்க்குத் தெற்கே மட்டும் வளரும், மாமரத்தின் உறவு. 1984இல் ஏற்படுத்திய செந்துருணி வனவிலங்கு சரணாலயத்துக்கு அந்த மரத்தின் பேரைத்தான் வைத்திருக்கிறார்கள்.

தவளைகளின் கதை இதைவிடச் சுவாரசியம். கடைக்கல் ஊர்க்காரரான தவளை ஆய்வாளர் எஸ்.டி. பிஜு, பெல்ஜியத்தின் ஃபிராங்கி போசுயட்டோடு சேர்ந்து பொன்முடியிலிருந்து இரண்டு புதர்த்தவளை இனங்களை 2005இல் விவரித்தார். புதர்த்தவளைகளுக்குத் தலைப்பிரட்டைப் பருவம் இல்லை. முட்டைக்குள்ளேயே எல்லாம் முடிந்து, குட்டித் தவளையாகவே வெளியே குதிக்கும். குளம் தேவையில்லை, ஈரமான இலை போதும். மேற்கு மழை, கிழக்கு மழை இரண்டும் பெய்து, வறண்ட மாதங்கள் குறைவாக இருக்கும் இந்தத் தென்கோடி மலைக்கு ஏற்ற ஏற்பாடு. ஆனால் ஈரம் வற்றிய தாழ்நிலத்தை அவற்றால் கடக்க முடியாது. அதனால் மலைக்கு மலை வேறு வேறு இனமாகப் பிரிந்து கிடக்கின்றன. வெப்பம் கூடக்கூட இந்த உயிர்கள் இன்னும் மேலே ஏற வேண்டும். உச்சிக்கு மேல் ஏற இடம் ஏது?

தென்மலையில் குளத்துப்புழை, செந்துருணி, கழுதுருட்டி என்ற மூன்று ஆறுகளும் சேர்ந்து கல்லடா ஆகும் இடத்தில்தான் பரப்பாறு அணை நிற்கிறது. 1986இல் கட்டி முடித்தது. சுமார் 50 கோடி கன மீட்டர் நீர் கொள்ளும். சுற்றுலாப் படகு இங்கே உண்டு. யானை தெரிந்தால் எல்லோரும் ஒரே பக்கம் சாய்ந்து படகோட்டியிடம் திட்டு வாங்குவார்கள். யாரும் பார்க்காதது தண்ணீருக்கு அடியில் இருக்கிறது. வேகமாக ஓடும் ஆறு மணலையும் வண்டலையும் தூக்கிக்கொண்டு போகும். தேங்கிய நீரில் வேகம் போனதும் அத்தனையும் அடியில் இறங்கிவிடும். 55 கோடி ஆண்டுப் பாறை பொடிந்து கடலுக்குக் கிளம்பியது, பாதி வழியில் இங்கே மாட்டிக்கொள்கிறது. வழியில் புனலூரில் 1877இல் கட்டிய சங்கிலித் தொங்குபாலம் ஒன்று உண்டு. ஐந்து நிமிடம் நடந்துவிட்டு வண்டியேறிவிடலாம்.

மொத்தம் 121 கிலோமீட்டர் ஓடி, கல்லடா ஆறு அஷ்டமுடிக் காயலில் கலக்கிறது. அந்த வாயில் ஆறு கொண்டுவந்து கொட்டிய மண்தான் மன்றோத்துருத்து. எட்டுத் துண்டு நிலம், சுமார் 13 சதுர கிலோமீட்டர் பரப்பு, நடுவே தென்னை நிழல் விழும் வாய்க்கால்கள். 1810 முதல் 1819 வரை திருவிதாங்கூரின் ரெசிடென்டாக இருந்து, இடையில் திவானாகவும் இருந்த கர்னல் ஜான் மன்றோவின் பேர். சென்னைத் தீவுத்திடல் அருகே குதிரைமேல் இருக்கும் தாமஸ் மன்றோ வேறு ஆள்.

துடுப்புப் படகில் வாய்க்காலுக்குள் போனால், வீட்டுச் சுவர்களில் முழங்கால் உயரத்துக்கு உப்புப் பூத்து, பூச்சு உதிர்ந்திருப்பதைப் பார்க்கலாம். ஓதம் ஏறும்போது தண்ணீர் வாசலைத் தாண்டி உள்ளே வருகிறது. கார்த்திகையில் வரும் விருச்சிக வேலியேற்றம் என்றால் இங்கே எல்லோருக்கும் கலக்கம். நூற்றுக்கணக்கான குடும்பங்கள் வீட்டை விட்டுப் போய்விட்டன.

காரணம் கேட்டால் ஊரில் ஆளுக்கொன்று சொல்வார்கள். 2004 சுனாமி, ரயில் போகும் அதிர்வு, அணை, மணல் கொள்ளை, கடல் ஏறுவது. ரயில் மீது எனக்குப் பெரிய சந்தேகம் இல்லை. முதலில் நினைக்க வேண்டியது, கழிமுக மண் தானாகவே தாழும் என்பது. புதிதாக அடுக்கிய வைக்கோல்போர் நாள்பட அமுங்குவதுபோல, சேற்றுக்குள் இருக்கும் நீர் மெல்ல வெளியேறி நிலம் இறங்கும். ஆண்டுதோறும் வெள்ளம் கொண்டுவரும் புது வண்டல் அந்தக் குறையை ஈடுசெய்துகொண்டிருந்தது. அந்த வண்டலை அணை தடுத்தது. தப்பி வந்த மணலை லாரிகள் அள்ளின. இந்தப் பக்கம் கடல்: மத்திய புவி அறிவியல் அமைச்சகத்தின் 2020 மதிப்பீட்டின்படி, வட இந்தியப் பெருங்கடலின் மட்டம் 1993 முதல் 2017 வரை ஆண்டுக்கு 3.3 மில்லிமீட்டர் வீதம் ஏறியிருக்கிறது. ஒன்று இறங்க, ஒன்று ஏற, நடுவில் வீடு.

அணையால் கொல்லம், பத்தனம்திட்டை மாவட்ட வயல்களுக்குத் தண்ணீர் கிடைத்தது உண்மை. அதை இடிக்கச் சொல்ல நான் ஆளில்லை. ஆனால் அணையில் மண் படிவதை நீர்த்தேக்கத்தின் பிரச்சினையாகவும், தீவு தாழ்வதை வருவாய்த் துறையின் நிவாரணப் பிரச்சினையாகவும் தனித்தனிக் கோப்பில் வைத்துப் பார்ப்பது தவறு. இரண்டு கோப்பிலும் இருப்பது ஒரே மண்.

போகிறவர்களுக்குச் சில வார்த்தை. ஜனவரி, பிப்ரவரி நல்ல மாதங்கள். மழைக்காலத்தில் அட்டைக் கடிக்குத் தயாராக வேண்டும். செந்துருணிக் காட்டுக்குள் வனத்துறை வழிகாட்டி இல்லாமல் நுழையாதீர்கள். தீவில் மோட்டார் படகு வேண்டாம், அதன் அலை வாய்க்கால் கரையை அறுக்கிறது. உள்ளூர்க்காரர் துடுப்பு போடும் வள்ளத்தில் போங்கள். பயண ஏற்பாட்டாளர்கள் இந்த மலையையும் தீவையும் ஒரே டிக்கெட்டில் சேர்த்து, வண்டியில் நிலவியல் படித்த ஒருவரையும் ஏற்றிவிட வேண்டும். ஆளுக்குப் பஞ்சமில்லை. கேரளப் பல்கலைக்கழகத்தின் நிலவியல் துறை காரியவட்டத்தில் இருக்கிறது, தேசியப் புவி அறிவியல் ஆய்வு மையம் ஆக்குளத்தில் இருக்கிறது. இரண்டும் கிழக்கேகோட்டையிலிருந்து டவுன் பஸ்ஸில் போய்வரும் தூரம்தான்.