கன்னத்தில் பிறந்த குரல்

நாம் பேசும்போது நெஞ்சிலிருந்து எழும் காற்று, தொண்டையிலுள்ள குரல் நாண்களை அதிரவைக்கிறது. டிஸ்னியின் கார்ட்டூன் வாத்தான டொனால்ட் டக்கின் பேச்சில் அந்த நாண்களுக்கு வேலையே இல்லை. வெற்றிலையை அதக்கிக்கொள்வதுபோல் ஒரு பக்கக் கன்னத்தில் காற்றை அடக்கி, பல்லுக்கும் கன்னத்துக்கும் நடுவிலுள்ள இடுக்கு வழியே அதைப் பிதுக்கினார், டொனால்டுக்குக் குரல் கொடுத்த கிளாரன்ஸ் நாஷ். அங்கே அதிர்வது கன்னத்தின் உட்சதை. கன்னம் கொள்ளும் காற்று கொஞ்சம்தான். ஆகவே நீண்ட வாக்கியம் வராது, சொற்கள் வெட்டி வெட்டித் தெறிக்கும். மெய்யெழுத்துகள் மழுங்கிப்போகும். டொனால்டின் புகழ்பெற்ற முன்கோபம் இந்த நெருக்கடியிலிருந்துதான் வந்தது என்பது என் கருத்து.

ஓக்லஹோமாவில் 1904இல் பிறந்த நாஷ், ஆட்டுக்குட்டியின் குரலாகத்தான் இதை முதலில் பழகினார். அதில் வாத்தைக் கேட்டது வால்ட் டிஸ்னியின் காது. 1934 ஜூனில் வெளிவந்த ‘த வைஸ் லிட்டில் ஹென்’ படத்தில் டொனால்ட் வயிற்றுவலி என்று சாக்குச் சொல்லும் சோம்பேறி மட்டுமே. அதே ஆண்டு ‘ஆர்ஃபன்ஸ் பெனிஃபிட்’டில் மேடையேறிப் பாட்டு ஒப்பிக்கிறான், சிறுவர்கள் கேலி செய்ய, முஷ்டியை உயர்த்திக் குதிக்கிறான். அந்தக் குதிப்பை வரைந்த டிக் லண்டிக்கு அல்லவா பெருமை சேர வேண்டும் என்று கேட்கலாம். லண்டியின் பங்கு பெரிது, மறுக்கவில்லை. ஆனால் டிஸ்னி கூடத்தில் வசனம் முதலில் பதிவாகும். அதைக் கேட்டுத்தான் படம் வரைவார்கள். சொல்ல வந்ததைச் சொல்லி முடிக்க முடியாமல் திணறும் ஒரு குரலுக்கு, ஆத்திரத்தைவிடப் பொருத்தமான உடல் எது?

குரலே இல்லாத காமிக்ஸிலும் டொனால்ட் வெற்றி பெற்றானே என்பது இன்னும் வலுவான ஆட்சேபம். உண்மைதான். ஆனால் 1940களில் கார்ல் பார்க்ஸ் வரைந்த டொனால்ட், முழு வாக்கியங்களில் தெளிவாகப் பேசுகிறான். மருமகன்களோடு கடல் கடந்து புதையல் தேடுகிறான். கோபம் அவனுடைய பல குணங்களில் ஒன்றாகிவிடுகிறது. கன்னத்துக் குரலின் கட்டு அவிழ்ந்ததும் ஆளே மாறிவிட்டான். பேச்சு புரியாதது குறை என்பவர்கள், அடுத்த வீட்டுச் சண்டையை நினைத்துப் பார்க்கட்டும்: ஒரு சொல்கூடப் பிடிபடாது, யாருக்கு எவ்வளவு கோபம் என்பது மட்டும் ஏற்ற இறக்கத்திலேயே தெரிந்துவிடும்.

1983இல் வந்த ‘மிக்கீஸ் கிறிஸ்மஸ் கேரல்’ வரை நாஷ் பேசினார், 1985இல் மறைந்தார். அதற்குள் அந்தக் கன்ன வித்தையைக் கற்றுக்கொடுத்திருந்தார். கற்றுக்கொண்டவர் டோனி ஆன்செல்மோ. அப்போது டிஸ்னியில் படம் வரைந்துகொண்டிருந்தவர்.