நிறுத்தும் அதிகாரம் யாருக்கு?

பெரிய கம்பனியொன்று ஆண்டு விழாவோ விற்பனையாளர் மாநாடோ நடத்தத் தீர்மானித்தால், மண்டபம், மேடை, உணவு, அழைப்பிதழ், தலைமை விருந்தினர் ஆகியவற்றுக்காக மாதக் கணக்கில் உழைக்கின்றது. இடையூறு நேரின் யாது செய்வது என்னும் வினாவுக்கோ இறுதிக் கூட்டத்தின் இறுதிப் பத்து நிமிடமே எஞ்சுகின்றது. அங்கும் பெரும்பாலும் கிடைப்பது ஒரே விடைதான். மின்பிறப்பாக்கி வாடகைக்கு வருகின்றது, மழை வந்தால் கூடாரம் இருக்கின்றது, காப்புறுதியும் எடுத்தாயிற்று என்பர். இவ்விடையிலே பொருள்கள் இருக்கின்றன, மனிதர் இல்லை. எவ்வளவு மழைக்குக் கூடாரத்துள் செல்வது, அதனைச் சொல்பவர் யார், அவர் சொன்னால் ஏனையோர் கேட்பரா என்பன அங்கே பேசப்படுவதில்லை. வெள்ளம் வருமுன் அணைகோல வேண்டும் என்னும் பழமொழியை அறிந்தோர் அணையைக் கட்டிவிடுகின்றனர். மதகைத் திறப்பதற்கு ஆளை நியமிக்க மறந்துவிடுகின்றனர்.

கொழும்பிலே 2002 ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் நடைபெற்ற ஐ.சி.சி. சாம்பியன்ஸ் கிண்ண இறுதிப் போட்டி கிரிக்கெட் அன்பர் பலருக்கும் நினைவிருக்கும். 29 ஆம் திகதி இலங்கை அணி தனது 50 ஓவர்களையும் ஆடி முடித்தது. இந்திய அணி இரண்டு ஓவர் ஆடியதும் மழை குறுக்கிட்டது. இதனை எதிர்பார்த்தே மறுநாள் மாற்று நாளாக ஒதுக்கப்பட்டிருந்தது. ஆயினும் அன்றைய விதியின்படி ஆட்டம் விட்ட இடத்திலிருந்து தொடரப்படவில்லை, முதலிலிருந்து தொடங்கப்பட்டது. இலங்கை மீண்டும் 50 ஓவர் ஆடிற்று. இந்தியாவின் ஒன்பதாவது ஓவரிலே மழை மீண்டும் வந்தது. இரு நாளும் சேர்ந்து 110 ஓவர்களுக்கு மேல் வீசப்பட்டும் முடிவு காணாது, கிண்ணத்தை இரு நாடுகளும் பகிர்ந்துகொண்டன. 2019 ஆம் ஆண்டு மன்செஸ்டரிலே இந்தியாவும் நியூசிலாந்தும் ஆடிய உலகக் கிண்ண அரையிறுதியையும் மழை இடைமறித்தது. அங்கே மறுநாள் ஆட்டம் விட்ட இடத்திலேயே தொடர்ந்தமையால், நியூசிலாந்து 18 ஓட்டங்களால் வென்றது. இரண்டிலும் மாற்று நாள் இருந்தது. அந்நாளை எவ்வாறு பயன்படுத்துவது என்ற விதிதான் வேறாயிருந்தது.

கொழும்பில் இழந்தது ஒரு முடிவு மட்டுமே. அமெரிக்காவின் இன்டியானாபோலிஸ் நகரிலே 2011 ஆம் ஆண்டு ஓகஸ்ட் 13 ஆம் திகதி இழக்கப்பட்டவை உயிர்கள். இன்டியானா மாநிலப் பெருஞ்சந்தை என்பது அங்கே ஆண்டுதோறும் நிகழும் விழா. அன்றிரவு திறந்தவெளி மேடையிலே சுகர்லாண்ட் என்னும் இசைக்குழுவினரின் நிகழ்ச்சி நடைபெறவிருந்தது. பல்லாயிரவர் கூடியிருந்தனர். புயல் நெருங்குவதை அமைப்பாளர் அறியாதிருக்கவில்லை. 8 மணி 39 நிமிடத்துக்கு வானிலை நிலையம் கடும் இடிப்புயல் எச்சரிக்கை விடுத்தது. 8.45 மணிக்கு மேடையிலிருந்து ஓர் அறிவித்தல் செய்யப்பட்டது. புயல் வருகின்றது, எனினும் நிகழ்ச்சி நடைபெறும் என நம்புகின்றோம், ஒதுங்க வேண்டி நேரின் இன்ன இன்ன கட்டடங்களுக்குச் செல்லலாம் என்பது அதன் சாரம். அது எச்சரிக்கையா, ஆறுதலா? கேட்டோருட் பெரும்பாலோர் அதனை ஆறுதலாகவே கொண்டு இருந்த இடத்திலேயே இருந்தனர். அடுத்த ஓரிரு நிமிடத்துள் வீசிய பெருங்காற்றிலே, விளக்குகளையும் ஒலிபெருக்கிகளையும் தாங்கிய மேடைக் கூரைச் சட்டகம் சரிந்து முன்னின்ற மக்கள்மேல் வீழ்ந்தது. எழுவர் மாண்டனர், பலர் படுகாயமுற்றனர்.

இவ்விபத்தைப் பற்றிய ஆய்வறிக்கைகள் 2012 ஆம் ஆண்டு வெளிவந்தன. சட்டகம் காற்றைத் தாங்கும் வலிமையற்றது என்பது ஒரு முடிவு. அது பொறியியலாளர் துறை. அதனை அவர்களிடமே விட்டுவிடலாம். மற்றைய முடிவுதான் விழா நடத்தும் ஒவ்வொருவரும் ஊன்றிப் படிக்கத் தக்கது. நிகழ்ச்சியைத் தாமதப்படுத்தவோ நிறுத்தவோ உரிய அதிகாரம் எவரிடம் இருந்தது என்பது அங்கிருந்தோருக்கே தெளிவாயிருக்கவில்லை. பொறுப்பு பலரிடமும் சிறிது சிறிதாகப் பரவிக் கிடந்தது. ஆதலின் ஒருவரிடமும் முழுமையாக இல்லை. கூட்டத்தைக் கலைப்பது என்ற தீர்மானம் உண்மையிலே எடுக்கப்பட்டது. அது மேடையை அடையுமுன் காற்று அடைந்துவிட்டது.

அதே இரவிலே, அந்நகருக்குச் சில மைல் வடக்கே, கொனர் பிரெய்ரி என்னும் இடத்தில் இன்டியானாபோலிஸ் சிம்பொனி இசைக்குழுவின் திறந்தவெளி நிகழ்ச்சியும் நடைபெற்றது. அவர்கள் வானிலைத் தகவலைப் பார்த்துக்கொண்டிருந்து, புயல் வருமுன்னரே நிகழ்ச்சியை நிறுத்தி மக்களை அனுப்பிவிட்டனர். அங்கே ஒருவருக்கும் ஊறு நேரவில்லை. வானம் இருவருக்கும் ஒன்றே.

நிறுத்துக என்னும் சொல் ஏன் இத்துணை அரிதாக வாயிலிருந்து வருகின்றது? நுழைவுச்சீட்டுப் பணம் திரும்பக் கேட்கப்படும். தலைமை விருந்தினர் முகஞ்சுளிப்பார். இவற்றினும் பெரிய அச்சம் வேறொன்று. நிறுத்திய பின் புயல் வாராதுபோனால், நிறுத்தியவர் நகைப்புக்கு இடமாவார். வந்த புயலுக்குக் காற்றைப் பழிக்கலாம். வாராத புயலுக்குத் தம்மையே பழிக்க வேண்டும். இந்த அச்சத்தோடு போராடுமாறு ஒரு முகாமையாளரை விழா நேரத்திலே விட்டுவிடுவது நியாயமன்று. ஆகவே தீர்மானத்தை முன்கூட்டியே, அமைதியான ஒரு நாளிலே, எண்ணாக எழுதி வைத்தல் வேண்டும். மின்னலுக்குரிய அளவுகோல் இதற்கு நல்ல உதாரணம். மின்னலைக் கண்டபின் 30 விநாடிக்குள் இடி கேட்குமாயின் மக்கள் உறுதியான கட்டடத்துள் செல்ல வேண்டும். கடைசி இடி கேட்டு 30 நிமிடம் கழிந்த பின்னரே வெளிவர வேண்டும். ஒலி 30 விநாடியிலே ஏறத்தாழ 10 கிலோமீற்றர் செல்லும். மின்னல் அத்தூரத்தைத் தாண்டியும் விழக் கூடும் என்பதே காரணம். சித்திரை மாதத்திலும் ஐப்பசி, கார்த்திகையிலும் பிற்பகல் இடிமழை பெய்யும் இலங்கையிலே, திறந்தவெளியில் ஊழியர் ஒன்றுகூடல் நடத்தும் கம்பனிகளுக்கு இது மிகவும் வேண்டற்பாலது. கூடாரம் மழைக்குத்தான் காப்பு, மின்னலுக்கன்று. எண் எழுதப்பட்டிருந்தால், நிறுத்துபவர் கோழை எனப்படார். விதியை நிறைவேற்றியவர் எனப்படுவார்.

இனி, காப்பாக வைத்த பொருளே இடையூறாக மாறுதலும் உண்டு. 2013 ஆம் ஆண்டு பெப்ரவரி 3 ஆம் திகதி நியூ ஓர்லியன்ஸ் நகரின் சுப்பர்டோம் அரங்கிலே, அமெரிக்கக் காற்பந்தின் இறுதிப் போட்டி இரண்டாம் பாதியில் இருந்தபோது அரங்கின் பெரும் பகுதி இருண்டது. ஆட்டம் 34 நிமிடம் தடைப்பட்டது. மின்னிணைப்பைக் காப்பதற்கென்று புதிதாகப் பொருத்தப்பட்ட கருவியே காரணம் எனப் பின்னர் அறியப்பட்டது.

இதனினும் நுட்பமானது 2017 ஆம் ஆண்டு ஒஸ்கார் விருது விழாவிலே நேர்ந்த தவறு. மேடையின் இரு புறமும் இரண்டு கணக்காளர் நின்றனர்; ஒவ்வொருவரிடமும் எல்லா விருதுகளுக்குமான உறைகள் முழுமையாக இருந்தன. ஒருவருக்கு ஏதும் நேரின் மற்றவர் உதவுவார் என்பது ஏற்பாடு. அதனாலேயே, ஒரு புறத்தில் திறக்கப்பட்ட ஒவ்வொரு உறைக்கும் மறு புறத்திலே திறவாத இரட்டை ஒன்று எஞ்சியது. சிறந்த நடிகைக்குரிய அவ்விரட்டை உறை, சிறந்த படத்தை அறிவிக்க வந்தோர் கையிற் கொடுக்கப்பட்டது. வென்றது மூன்லைட், அறிவிக்கப்பட்டதோ லா லா லாண்ட். தவறு திருத்தப்படுவதற்கு இரண்டு நிமிடத்துக்கு மேல் சென்றது. அதற்குள் அப்படத்தார் மேடையேறி நன்றியுரை கூறலாயினர். உறை மாறியதைப் பொறுத்துக்கொள்ளலாம். மனிதர் கை தவறுவது இயல்பு. அந்த இரண்டு நிமிடத்தைப் பொறுப்பதுதான் கடினம். அடுத்த ஆண்டு விதிகள் மாற்றப்பட்டன. மூன்றாவது கணக்காளர் ஒருவர் நிகழ்ச்சிக் கட்டுப்பாட்டு அறையிலேயே அமர்த்தப்பட்டார். உறை சரியானதா என்பதை அறிவிப்பவரும் மேடை முகாமையாளரும் உறுதிசெய்ய வேண்டும் என்றாயிற்று. தவறு நேரின் என்ன செய்வது என்பதற்கும் ஒத்திகை வைக்கப்பட்டது.

அத்தகைய ஒத்திகைக்குப் பெரும் செலவு வேண்டியதில்லை. சிறு கம்பனியும் அரை மணி நேரத்திலே நடத்தலாம். விழாவிற் பொறுப்பேற்ற எல்லோரும், மண்டபக் காவலாளி, உணவு வழங்குவோர், ஒலிபெருக்கிக்காரர் உட்பட, ஒரு மேசையைச் சுற்றி அமர்கின்றனர். ஒருவர் கடிகாரத்தைப் பார்ப்பதுபோலச் சொல்லுகின்றார்: மணி ஏழு பத்து, பேச்சாளரின் கார் வழியிலே நின்றுவிட்டது. மணி ஏழு இருபது, விளக்குகள் அணைந்தன. பின்வாயிற் கதவு பூட்டியிருக்கின்றது, திறப்பு யாரிடம்? மணி ஏழு முப்பது, விருந்தினர் ஒருவர் மயங்கி விழுந்தார். ஒலிபெருக்கியிற் பேசுபவர் யார்? ஒவ்வொரு வினாவுக்கும் உரியவர் விடையளிக்கின்றார். மற்றொருவர் தாளும் பேனையுமாக இருந்து, இருவர் ஒருங்கே விடையளித்த இடங்களையும் எவரும் வாய் திறவாத இடங்களையும் குறித்துக்கொள்ளுகின்றார்.