அட்டையில் 4கே, உள்ளே என்ன?

சிவகாசிக்காரர்களுக்கு அட்டையைப் பற்றி யாரும் பாடம் எடுக்க வேண்டாம். ஊரே அச்சடிக்கும் ஊர். தரைச்சக்கர லேபிளில் எத்தனை வண்ணம் போட்டாலும், சுற்றுவது உள்ளே இருக்கும் மருந்தைப் பொறுத்தது என்று பிள்ளைகளுக்கும் தெரியும். ஆனால் போனஸ் கையில் இருக்கும்போது, பழைய சிவாஜி படத்தின் டிஸ்க் ஒன்று ‘4கே’ என்ற எழுத்தோடு ஆன்லைனில் கண்ணில் பட்டால் அந்தப் புத்தி எங்கோ போய்விடுகிறது.

4கே என்றால் 3840க்கு 2160 புள்ளிகள். அது சட்டியின் அளவு; குழம்பின் ருசி அல்ல. பழைய டிவிடியைக் கம்ப்யூட்டரில் இழுத்துப் பெரிதாக்கினாலும் அந்தக் கணக்கு வந்துவிடும். கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: எதிலிருந்து ஸ்கேன் செய்தார்கள்? சத்யஜித் ராயின் அபு படங்களின் நெகட்டிவ் 1993-ல் லண்டன் லேப் ஒன்றில் தீயில் கருகியது. இத்தாலியின் பொலோஞ்ஞாவில் அதைக் கையால் பழுதுபார்த்து, தேறாத பகுதிகளுக்கு வேறு பிரதிகளை வைத்து 2015-ல் மீட்டார்கள். அதை வெளிப்படையாகச் சொல்லவும் செய்தார்கள். அப்படி வாயே திறக்காத டிஸ்க்கைச் சந்தேகப்படுங்கள். முகங்கள் மெழுகு பூசியதுபோல வழவழவென்று இருந்தால், பிலிமின் துகள்களோடு தோலின் ரேகையையும் துடைத்துவிட்டார்கள்.

1957-ன் பதிப்புரிமைச் சட்டப்படி, படம் வெளியான ஆண்டு முடிந்ததிலிருந்து 60 ஆண்டுகள்தான் அதற்கு உரிமை. 1964-ல் வந்த ‘கர்ணன்’ பட உரிமைக் காலம் 2024 டிசம்பரோடு முடிந்தது (பாட்டுக்கும் வசனத்துக்கும் கணக்கு வேறு). இனி 2012-ல் அதை டிஜிட்டலில் சீர்செய்து தியேட்டருக்குக் கொண்டுவந்தவர்களின் உழைப்பும், தேய்ந்த காப்பியை நீட்டியவரின் சரக்கும் கடையில் ஒரே அட்டையோடு நிற்கலாம். ஆகவே உறையைத் திருப்பிப் பாருங்கள். அதே சட்டத்தின் 52ஏ பிரிவுப்படி தயாரித்தவர் பெயர், முகவரி, உரிமையாளர் விவரம், அனுமதி பெற்றதற்கான உறுதிமொழி, தணிக்கைச் சான்று நகல் எல்லாம் அங்கே இருக்க வேண்டும்.

இன்னொன்று, பழைய ப்ளூ-ரே பிளேயரில் 4கே டிஸ்க் ஓடாது. பிளேயரும் புதிதாக வாங்க வேண்டும். 43 இஞ்ச் டிவியைப் பத்தடி தள்ளி உட்கார்ந்து பார்க்கும் வீட்டுக்கு, நல்ல ப்ளூ-ரே இருந்தால் அதுவே போதும் என்பேன்.

பணம் கொடுத்து ஏமாந்தால்? பார்சலைப் பிரிக்கும்போதே வீடியோ எடுங்கள். விளம்பரப் பக்கத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். 2020 மின்வணிக விதிகளின்படி ஆன்லைன் கடையின் குறைதீர் அலுவலர் 48 மணி நேரத்தில் புகாரை ஏற்றதாகத் தெரிவித்து, ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். அசையாவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்கு அழையுங்கள். அடுத்தது ஸ்ரீவில்லிபுத்தூரில் உள்ள மாவட்ட நுகர்வோர் ஆணையம். விற்றவர் மும்பையில் இருந்தாலும், நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போட 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் இடம் தருகிறது. இரண்டு ஆண்டுகளுக்குள் போக வேண்டும். 5 லட்சம் ரூபாய் வரை கொடுத்து வாங்கிய பொருளுக்குக் கட்டணம் இல்லை. பில் இல்லாமல் வாங்கியிருந்தால் மட்டும், யாரிடம் வாங்கினோம் என்று நிரூபிப்பதற்குள்ளேயே பாதிப் பொழுது போய்விடும்.