டோன்டோ நடிகரின் பயிற்சிக்கூடம்: ஹாலிவுட்டில் பூர்வகுடி நடிகர்களின் உரிமைக்குரல்

வட அமெரிக்கப் பூர்வகுடிகளின் வேடத்தைத் திரையில் யார் ஏற்பது, அவர்களது கதையை யார் எழுதுவது ஆகிய இரண்டும் தனித்தனிச் சிக்கல்கள் என்பதும், முதலாவது ஓரளவு தீர்ந்தபின்னும் இரண்டாவது நெடுங்காலம் தீராமல் இருந்தது என்பதும் ஜே சில்வர்ஹீல்ஸ் என்ற நடிகரின் வாழ்க்கையை ஆராயும்போது தெளிவாகின்றன. கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில், கிராண்ட் ஆற்றை ஒட்டிப் பூர்வகுடிகளுக்கென ஒதுக்கப்பட்ட 'சிக்ஸ் நேஷன்ஸ்' நிலப்பகுதியில், மோஹாக் இனத்தில் 1912இல் பிறந்த அவர், வலை பின்னிய மட்டையால் பந்தை ஏந்தி எறிந்து ஆடும் லக்ராஸ் விளையாட்டில் பெயர் பெற்று, 1930களில் ஹாலிவுட்டுக்கு வந்து, துணை நடிகராகவும் சண்டைக்காட்சிக் கலைஞராகவும் தொழிலைத் தொடங்கினார்.

வெள்ளையின நடிகர்கள் முகத்தில் பழுப்புச் சாயம் பூசி, நீண்ட பொய்முடி அணிந்து பூர்வகுடிகளாகத் தோன்றும் 'ரெட்ஃபேஸ்' வழக்கம் அன்றைய ஹாலிவுட்டில் இயல்பாகக் கருதப்பட்டது. 1950இல் வெளியான 'புரோக்கன் ஏரோ' என்ற படம் அப்பாச்சி மக்களைப் பரிவோடு காட்டியதற்காகப் பாராட்டப்பட்ட போதிலும், அம்மக்களின் தலைவர் கொச்சீஸாக நடித்தவர் புரூக்ளினில் பிறந்த ஜெஃப் சாண்ட்லர். அந்த வேடத்துக்காக அவர் ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றார். அதே படத்தில் சில்வர்ஹீல்ஸுக்குக் கிடைத்தது ஜெரோனிமோ என்ற சிறுவேடம் மட்டுமே. பகைமையோடு எடுக்கப்பட்ட படங்களைவிட, இவ்வாறு பரிவோடு எடுக்கப்பட்ட படமே ஹாலிவுட்டின் அன்றைய மனநிலையை நன்கு காட்டிக்கொடுக்கிறது எனலாம்.

அவருக்குப் புகழ் தேடித்தந்தது, 1949 முதல் 1957 வரை அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'த லோன் ரேஞ்சர்' தொடர். முகமூடி அணிந்த வெள்ளையின வீரனுக்கு உற்ற துணையாக வரும் டோன்டோ என்ற அந்தப் பாத்திரம், முன்பு வானொலித் தொடராக இருந்தபோது வெள்ளையர் ஒருவரின் குரலில் ஒலித்ததாகும். பூர்வகுடி நடிகர் ஒருவர் வாரந்தோறும் வீடுகளுக்குள் தோன்றியது அக்காலத்தில் பெரிய மாற்றமே என்றாலும், சரளமாக ஆங்கிலம் பேசக்கூடிய அவர், எழுதித் தரப்பட்ட உடைந்த ஆங்கில வசனங்களையே பேச வேண்டியிருந்தது. அறிவிலும் வீரத்திலும் குறையாத அப்பாத்திரம் எப்போதும் இரண்டாம் இடத்திலேயே நின்றது. இதனால் டோன்டோவைப் பிற்காலத்துப் பூர்வகுடி விமர்சகர்கள் கடுமையாகச் சாடியது நியாயமே. ஆயினும் அந்தப் பழியை நடிகர் மீதும் சுமத்துவது பொருந்தாது.

பூர்வகுடி வேடங்கள் பூர்வகுடியினருக்கே தரப்பட வேண்டும் என்ற கோரிக்கை எழுந்தபோதெல்லாம், பயிற்சி பெற்ற பூர்வகுடி நடிகர்கள் கிடைப்பதில்லை என்பதே தயாரிப்பாளர் தரப்பின் வழக்கமான பதிலாக இருந்தது. அந்தச் சாக்கை இல்லாமலாக்கும் வகையில், சில்வர்ஹீல்ஸும் சக கலைஞர்களும் 1960களின் நடுவில் லாஸ் ஏஞ்சலிஸின் எக்கோ பார்க் பகுதியில் பூர்வகுடி நடிகர் பயிற்சிக்கூடம் ஒன்றை நிறுவினர். ஒதுக்கப்பட்ட நிலங்களில் வாழ்ந்தோரைப் பெருநகரங்களில் குடியேறத் தூண்டிய கூட்டரசுக் கொள்கை, 1956இல் சட்ட வடிவமும் பெற்று, ஆயிரக்கணக்கானோரை ஏற்கெனவே அந்நகருக்குக் கொண்டுவந்திருந்ததால், பயிற்சிக்கு ஆள் தேடி வெளியூர் செல்ல வேண்டிய நிலை இருக்கவில்லை.

நடிகர்களை உருவாக்க முடிந்த பயிற்சிக்கூடத்தால், கதை எழுதுவோரின் பார்வையை மாற்ற முடியவில்லை. 1971இல் சுற்றுச்சூழல் விளம்பரம் ஒன்றில் கண்ணீர் வடித்து நாடறிந்த 'பூர்வகுடி' முகமாகிவிட்ட ஐயன் ஐஸ் கோடி, உண்மையில் இத்தாலிய வம்சாவளியினர் என்பது 1990களில்தான் பரவலாகத் தெரியவந்தது. சில்வர்ஹீல்ஸ் ஹாலிவுட் நடைபாதையில் நட்சத்திரச் சின்னம் பெற்ற மறு ஆண்டே, 1980இல் காலமானார். 2013இல் 'த லோன் ரேஞ்சர்' மீண்டும் படமானபோது டோன்டோவாக நடித்தவர் ஜானி டெப்.

எழுத்தும் இயக்கமும் பூர்வகுடியினர் கைக்கு வந்தபோதுதான் இரண்டாம் சிக்கல் அவிழத் தொடங்கியது. கிறிஸ் எயர் இயக்கிய 'ஸ்மோக் சிக்னல்ஸ்' (1998) அதற்கான தொடக்கங்களுள் ஒன்று. 2021இல் வெளிவரத் தொடங்கிய 'ரிசர்வேஷன் டாக்ஸ்' தொடரில் எழுத்தாளர்கள், இயக்குநர்கள் அனைவருமே பூர்வகுடியினர். ஓக்லஹோமாவில் வாழும் நான்கு பதின்வயதினர் அதில் முகமூடி வீரர் எவருக்கும் துணையாக வராமல், தங்கள் சொந்தக் கதையிலேயே உலவுகிறார்கள்.