பாறைக்குள் கேமரா

ஜப்பானின் வாகயாமா மாகாணத்தில் தாய்ஜி என்றொரு கடலோரச் சிற்றூர். செப்டம்பர் பிறந்தால் அங்கே டால்பின் வேட்டை. படகோரத்தில் நீண்ட உலோகக் குழாய்களைத் தண்ணீருக்குள் இறக்கிச் சுத்தியலால் தட்டுவார்கள். ஒலியைக் கொண்டே வழியறியும் டால்பின்கள் அந்தச் சத்தத்தில் மிரண்டு, விரட்டும் பக்கமே ஓடி, சிறு குடாவுக்குள் சிக்கும். பழக்குவதற்கு ஏற்றவை காட்சியகங்களுக்கு விலைபோகும். மிச்சம் இறைச்சி. எல்லாம் அரசு அனுமதியோடுதான். கொல்லும் இடம் மட்டும் வேலிக்கும் தார்ப்பாய்க்கும் பின்னால்.

அங்கே நடப்பதைப் படமாக்கியவர் அமெரிக்காவின் லூயி சிஹோயோஸ். படம், 2009இல் வந்த 'தி கோவ்'. புலனாய்வு ஆவணப்படக்காரர் எப்படி வேலை செய்கிறார் என்று அறிய இதைவிட நல்ல பாடம் கிடையாது.

ஹாலிவுட்டுக்கு மாதிரி வடிவங்கள் செய்துகொடுத்த கெர்னர் ஆப்டிகல் நிறுவனம் போலிப் பாறைகளைச் செய்து தந்தது, உள்ளே கேமராக்கள். இரவில் காவலுக்கு ஆள் நிற்கிறாரா என்று பார்க்க, உடல்சூட்டைக் காட்டும் கேமரா. மூச்சடக்கி மூழ்கும் வீரர்கள் குடாவுக்குள் நீரடி ஒலிவாங்கிகளை வைத்துவிட்டு வந்தார்கள். பாறைக் கேமராவைத்தான் எல்லாரும் சிலாகித்தார்கள். சிவந்துபோன குடாவைக் கண் பார்க்கிறது, சரி. தண்ணீருக்கடியில் பதிவான அந்தக் கீச்சொலிகள் என்னை அதைவிட அதிகமாக உலுக்கின.

படத்தின் இன்னொரு சாட்சி பாதரசம். கடலில் கலக்கும் பாதரசத்தை நுண்ணுயிர்கள் மெதில் பாதரசமாக மாற்றுகின்றன. சிறு மீனிலிருந்து பெரிய மீனுக்கு, அதிலிருந்து டால்பினுக்கு என ஒவ்வொரு படியிலும் அதன் செறிவு ஏறிக்கொண்டே போகும். ஜப்பானின் மினமாட்டா நகரில் மக்களின் நரம்பு மண்டலத்தைச் சிதைத்த அதே நஞ்சு. 'விலங்குகள் பாவம்' என்பதோடு நின்றிருந்தால் படம் பிரச்சாரமாகியிருக்கும். 'தட்டில் இருப்பது என்ன?' என்று கேட்டதால்தான் புலனாய்வாகிறது.

குறையும் உண்டு. மீனவர்கள் இதில் பெரும்பாலும் வில்லன்களாகவே வந்துபோகிறார்கள்; அவர்கள் தரப்பு நியாயத்துக்கு இடமே இல்லை. ஜப்பானில் எதிர்ப்புக்குப் பயந்து சில திரையரங்குகள் படத்தைக் கைவிட்டன. 2010இல் ஆஸ்கர் கிடைத்தது. வேட்டை நிற்கவில்லை.

அதே ஆண்டு மினமாட்டா நோய்க்கான தேசிய ஆய்வு நிறுவனம் தாய்ஜி மக்களின் தலைமுடியைச் சோதித்தது. ஆண்களிடம் பாதரசம் சராசரியாகப் பத்து லட்சத்தில் 11 பங்கு. ஜப்பானின் வேறு 14 இடங்களில் 2.47. நோய் அறிகுறி எவரிடமும் தென்படவில்லை என்றும் அந்த நிறுவனம் அறிவித்தது.