விகதகுமாரன் (மௌனத் திரைப்படம்)

விகதகுமாரன் என்பது மலையாளத்தின் முதல் திரைப்படமாகக் கருதப்படும் மௌனப்படம் ஆகும். 'காணாமற்போன மகன்' என்பது பெயரின் பொருள். இதைத் தயாரித்து இயக்கிய ஜே. சி. தானியேல், இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து அகத்தீசுவரத்தைச் சேர்ந்த தமிழர். சொந்த நிலத்தை விற்று, திருவனந்தபுரம் பட்டம் பகுதியில் 'திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' படநிலையத்தை நிறுவினார். படம் கேப்பிட்டல் தியேட்டரில் திரையிடப்பட்டது. வெளியான ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இருவிதமாகக் குறிக்கப்படுகிறது.

கதை

பெரும்பாலும் புராணங்களே படமான காலத்தில் இது சமூகக் கதையாக அமைந்தது. திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகன் சந்திரகுமாரனைப் பூதநாதன் என்பவன் இலங்கைக்குக் கடத்திச் செல்கிறான். பிறப்பு அறியாத சிறுவன் தோட்டத் தொழிலாளியாக வளர்ந்து மேற்பார்வையாளர் ஆகிறான். உறவினன் ஜெயச்சந்திரன் இலங்கை வந்தபோது நண்பனாகி, அவனுடன் ஊர் திரும்புகிறான். ஜெயச்சந்திரன் காதலிக்கும் சரோஜினி தன் தங்கை என்பது சந்திரகுமாரனுக்குத் தெரியாது. முதுகுத் தழும்பே இறுதியில் அவனை அடையாளம் காட்டுகிறது.

ரோசி

நாயகியாக நடிக்கப் பம்பாய் நடிகை ஒருவரை அழைத்த முயற்சி பலிக்காமல் போகவே, பி. கே. ரோசி தேர்ந்தெடுக்கப்பட்டார். புலையர் சமூகத்தவரான இவர் காக்காரிசி என்னும் நாட்டார் நாடகத்தில் நடித்து வந்தவர். சரோஜினியோ நாயர் குலப் பெண். ஒடுக்கப்பட்ட சமூகப் பெண் நாயர் பெண்ணாகத் தோன்றியதை ஆதிக்க சாதியினர் பொறுக்கவில்லை. திரை கல்லெறிந்து கிழிக்கப்பட்டது. நாயகன் அவர் கூந்தல் பூவை முத்தமிடும் காட்சி ஆத்திரத்தை மேலும் கிளப்பியதாகக் கூறுவர். ரோசியின் குடிசைக்கும் தீ வைத்தார்களாம். அவர் ஒரு லாரியில் ஏறித் தமிழ்நாட்டுப் பக்கம் தப்பினார் என்றும், லாரி ஓட்டுநரை மணந்து ராஜம்மாள் என்ற பெயரில், நடித்ததை வெளியே சொல்லாமல் வாழ்ந்தார் என்றும் சொல்லப்படுகிறது. கதையில் மறைந்த அடையாளம் மீண்டது. நடித்தவருடையதோ வாழ்நாளில் மீளவில்லை.

பின்னர்

பெரும் நட்டமடைந்த தானியேல் பல் மருத்துவராகப் பிழைத்து, 1975இல் காலமானார். முதல் மலையாளப் படம் என்ற பெருமை நெடுங்காலம் 1938இல் வந்த 'பாலன்' பேசும்படத்துக்கே தரப்பட்டது. (அதைத் தயாரித்தவரும் ஒரு தமிழரே: சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி. ஆர். சுந்தரம்.) செய்தியாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணனின் எழுத்துகளால் தானியேலின் பெயர் வெளிவந்தது. 1992 முதல் கேரள அரசு அவர் பெயரில் விருது வழங்குகிறது. இந்த வரலாறு 2013இல் 'செல்லுலாய்டு' என்ற மலையாளப் படமானது. சென்னையில் ரோசியின் பெயரால் திரைப்பட விழாவும் நடத்தப்படுகிறது. விகதகுமாரனின் படச்சுருள் எஞ்சவில்லை.